முகம் வேண்டாத வேலை

போன வாரம், வானொலியில் என்னோடு வேலை பார்த்த கவிதா போன் செய்தாள். எங்கள் வானொலி ஸ்டுடியோவுக்குள்ளேயே கேமரா வைத்துவிட்டார்களாம். அறிவிப்பாளர் மைக்கில் பேசுவதை இனிமேல் செல்போனிலும் பார்க்கலாமாம். முதல் நாளைக்குப் பழைய ஆட்கள் யாராவது வந்து உட்கார்ந்தால் நன்றாக இருக்கும், நீங்கதான் வரணும்க்கா என்றாள். ரேடியோவில் மூஞ்சியைப் பார்த்து என்னடி பண்ணப் போறாங்க என்று கேட்டேன். சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. வர முடியாது என்று சொல்லிவிட்டேன். அப்படியானால் பழைய அனுபவத்தையாவது எழுதிக் கொடுங்கள், புதிதாகச் சேர்ந்திருக்கிற பிள்ளைகள் படிக்கட்டும் என்றாள். எழுதுவதற்கு மூஞ்சி தேவையில்லை என்பதால் ஒத்துக்கொண்டேன்.

என் பெயர் சுமதி. தர்மபுரி சுத்துப்பட்டில் என் குரலைத் தெரிந்தவர்கள் நிறையப் பேர் உண்டு. ஆளைத் தெரிந்தவர்கள் ரொம்பக் குறைவு. அது தானாக நடந்ததில்லை. பாடுபட்டு அப்படி வைத்துக்கொண்டேன்.

என்ன வேலை பார்த்தேன் என்று சொந்தக்காரர்களுக்கே சரியாகத் தெரியாது. நியூஸ் வாசிச்சியா என்பார்கள். இல்லை. நாடகம் நடிச்சியா? அதுவும் இல்லை. ஒரு நிகழ்ச்சி முடிந்து அடுத்தது ஆரம்பிக்கிற இடைவெளியில் வந்து பேசுகிறவள் நான். இதுவரை கேட்டது இது, இனி கேட்கப்போவது இது, இப்போது மணி இத்தனை, உங்களோடு இருப்பது சுமதி. அவ்வளவுதான். பாட்டு யாரோ பாடியது, உரை யாரோ எழுதியது. இரண்டு துணிக்கும் நடுவில் தையல் தெரியாமல் இணைக்கிற வேலை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

எனக்குச் சொந்த ஊர் பாப்பிரெட்டிப்பட்டி. கல்யாணமாகி ஒரு பையனும் பிறந்த பிறகுதான் வேலைக்குப் போனேன். தர்மபுரியில் அப்போது கேபிள்காரர்கள் சொந்தமாக ஒரு டிவி சேனல் நடத்தினார்கள். இப்போது அது இல்லை. மூர்த்தி என்பவர் மேனேஜர். சாயங்காலம் ஒரு சினிமா, நடுநடுவே ஜவுளிக்கடை விளம்பரம், பிறந்த நாள் வாழ்த்து, உள்ளூர் விசேஷங்கள். ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குப் போகும்போது ஒரு பெண் திரையில் வந்து சிரித்த முகமாக நாலு வார்த்தை சொல்ல வேண்டும். அந்தப் பெண் நான்தான். பயிற்சி என்று பெரிதாக எதுவும் கிடையாது. "வூடு" என்பதை "வீடு" ஆக்கினார்கள். ழகரம் வருவதற்காக வாழைப்பழத்தைச் சொல்லிச் சொல்லி நாக்கு தேய்ந்தது. கேமராவைப் பார்க்கும்போது பக்கத்து வீட்டு அக்காவைப் பார்க்கிற மாதிரி பார் என்றார்கள். மூன்று மாதத்தில் எல்லாம் வந்துவிட்டது. பஸ் ஸ்டாண்டில் பெண்கள் என்னைக் காட்டிக் காட்டிப் பேசிக்கொள்வார்கள். எனக்குத் தலைகால் புரியாத சந்தோஷம்.

இருபத்தேழு வயதில் கீழ் உதட்டு ஓரத்தில் ஓர் அரிசி அளவுக்கு வெளுத்தது. வெயிலில் உதடு வெடித்திருக்கும் என்று வெண்ணெய் தடவினேன். மறுமாதம் வாயோரத்துக்கு வந்தது. பிறகு விரல் நுனிகள். டாக்டர் வெண்புள்ளி என்றார். தொற்று இல்லை, உடம்புக்குக் கெடுதல் இல்லை, தோலில் நிறம் போகிறது, மருந்து சாப்பிட்டுப் பார்க்கலாம், சிலருக்குத் திரும்பும், சிலருக்குத் திரும்பாது என்றார். தெருவில் அதற்கு வேறு பெயர் வைத்திருந்தார்கள். அதை இங்கே எழுத எனக்கு இன்றைக்கும் கை வரவில்லை.

மூர்த்தி சார் கெட்டவர் இல்லை. அதுதான் கஷ்டம். கெட்டவராக இருந்திருந்தால் திட்டிவிட்டாவது வந்திருப்பேன். முதலில் லிப்ஸ்டிக்கை அழுத்திப் போடச் சொன்னார். அப்புறம் கேமராவை இடது பக்கமாக நகர்த்தினார். பிறகு கொஞ்சம் தூரமாக வைத்தார். இன்னும் கொஞ்சம் தூரம். கடைசியில் நான் ஒரு மேஜைக்குப் பின்னால் எங்கேயோ ஒரு மூலையில் இருந்தேன். ஒருநாள் தயங்கித் தயங்கி வந்து, "பூ படம் போட்டுக்கலாம்மா. பாக்கறதுக்கும் குளுமையா இருக்கும்" என்றார். அன்றையிலிருந்து திரையில் ரோஜாப்பூ. பின்னால் என் குரல். தர்மபுரியில் ஒரு ரோஜாப்பூ குழந்தைகளுக்குப் பிறந்த நாள் வாழ்த்து சொல்லிக்கொண்டிருந்தது. கொஞ்ச நாளில் வேறொரு பெண்ணை எடுத்துவிட்டு, வீட்டில் இருந்து உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள் என்றார். நான் அவருக்கு நன்றி சொல்லிவிட்டு வந்தேன். அந்த நன்றியை நினைத்தால் இப்போதும் உடம்பு கூசுகிறது.

வேலை இல்லாமல் வீட்டில் இருந்த இரண்டு வருஷமும் என்னென்னவோ செய்தேன். கார்போக அரிசி எண்ணெய் தடவி மொட்டை வெயிலில் நின்றேன், கொப்புளம்தான் வந்தது. மீன் சாப்பிடாதே என்றார்கள், விட்டேன். புளி சாப்பிடாதே என்றார்கள். எங்கள் ஊரில் புளி இல்லாமல் எதைச் சாப்பிடுவது? அதையும் விட்டேன். தீர்த்தமலைக்குப் போய்ப் பாறையிலிருந்து விழுகிற தீர்த்தத்தில் தலையைக் கொடுத்துக்கொண்டு நின்றேன். நாத்தனார் மகளுக்கு நிச்சயதார்த்தம் வந்தது. வரிசைத் தட்டு தூக்குவதற்குப் பெண்களை எண்ணிக்கொண்டு வந்தவர்கள், என்னிடம் வந்ததும் எண்ணாமல் தாண்டிப் போனார்கள். நானே போய் சமையல்கட்டில் உட்கார்ந்துகொண்டேன். என் வீட்டுக்காரர் மின்வாரியத்தில் வேலை பார்த்தவர், அதிகம் பேச மாட்டார். அன்றைக்குச் சாப்பிடாமல் என்னை வண்டியில் ஏற்றிக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டார்.

அப்போதுதான் ஓர் அறக்கட்டளைக்காரர்கள் தர்மபுரியில் வட்டார வானொலி ஆரம்பித்தார்கள். நிகழ்ச்சிப் பொறுப்பாளர் நடேசன் சார். நேர்காணலுக்குப் போனபோது முந்தானையால் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அவர் என்னைப் பார்க்கவே இல்லை. ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு, பேசுங்க என்றார். பேசினேன். வெங்காய விலை, மழை நிலவரம், ஒரு பாட்டு அறிவிப்பு. முடித்ததும் திரும்பிப் பார்த்தார், எல்லாவற்றையும் ஒரே பார்வையில் பார்த்துவிட்டார்.

"ரேடியோவுக்கு மூஞ்சி வேணாங்க. திங்கக்கிழமை வந்துருங்க" என்றார்.

அவர் அதை நல்ல மனதோடுதான் சொன்னார். நானும் சந்தோஷமாகத்தான் வீட்டுக்கு வந்தேன். சமைத்துக்கொண்டிருக்கும்போதுதான் அது உறைத்தது.

நடேசன் சாரைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். குரலை உயர்த்தவே மாட்டார். வேலைக்கு வந்த பையனிலிருந்து என் வரைக்கும் எல்லோருக்கும் "ங்க"தான். எங்கே இருந்தாலும் காதில் ரேடியோ இருக்கும். அவருக்குப் பிடிக்காத ஒன்று மௌனம். ஒரு பாட்டு முடிந்து நான் பேச ஆரம்பிப்பதற்குள் ஒரு மூச்சு விடலாம். இரண்டாவது மூச்சு விட்டால் ஸ்டுடியோ போனில் சிவப்பு விளக்கு மின்னும். எடுத்தால், "இருக்கீங்களா?" என்று மட்டும் கேட்டு வைத்துவிடுவார். அந்த ஒரு கேள்விக்கு, கன்னத்தில் அறைவதே தேவலை.

இன்னொரு விதியும் வைத்திருந்தார். காலையில் நேயர்கள் போன் செய்து பேசுகிற நிகழ்ச்சி ஒன்று என் பொறுப்பில் இருந்தது. வெளி அறையில் கவிதா போனை எடுத்து, பேரும் ஊரும் கேட்டு எனக்குத் தள்ளுவாள். என்ன பண்றீங்க, சாப்பிட்டீங்களா, உங்க பக்கம் மழை உண்டா என்று கேட்பேன். அவர்கள் பாட்டு கேட்பார்கள். ஆனால் எங்கள் ஜனங்கள் சும்மா பாட்டு மட்டுமா கேட்பார்கள்? மாடு கன்னு போட்டு செத்துப்போச்சு, போர் போட்டதில் தண்ணி வரல, தக்காளி கூடையோடு ரோட்டில் கொட்டினோம் என்று மனதில் உள்ளதையெல்லாம் சொல்வார்கள். அந்தத் துக்கத்தோடு அப்படியே பாட்டுக்குப் போகக் கூடாது என்பது சாரின் கட்டளை. "அவங்க சுமைய எறக்கி வெச்சிட்டுத்தாங்க பாட்டு போடணும்" என்பார். இறக்கி வைப்பதற்கு ஒரு வாக்கியம் உண்டு. எல்லாம் சரியாயிடும்ங்க, கவலைப்படாதீங்க. செத்த மாட்டுக்கும் அதுதான், வராத தண்ணிக்கும் அதுதான். ஒரு நாளைக்கு எத்தனை தடவை சொல்லியிருப்பேனோ. ஒலியைக் கூட்டிக் குறைக்கிற ஃபேடரை ஏற்றுவது, இறக்குவது மாதிரி அதுவும் கைப்பழக்கமாகிவிட்டது. அந்தப் பக்கம் இருப்பவர்களும், சரிங்கம்மா, நீங்க சொன்னா சரிங்க என்று நிம்மதியாக வைத்துவிடுவார்கள்.

நேயர்கள் நேரிலும் வருவார்கள். நம்மூர் ரேடியோ நேயர்களைத் தெரியாதவர்களுக்கு இது விளங்காது. சித்தேரி மலையிலிருந்து ஒரு படி சாமை, அரூர் பக்கத்திலிருந்து பனங்கிழங்கு, வீட்டில் காய்ச்ச மாங்காய் என்று தூக்கிக்கொண்டு, எங்க சுமதியம்மாவப் பாக்கணும் என்று வந்து நிற்பார்கள். நான் பார்க்க மாட்டேன். ஒலிபரப்பில் இருக்காங்க என்று வாட்ச்மேன் சொல்லிவிடுவார். கவிதா போய் வாங்கிக்கொண்டு வருவாள். நாலைந்து பேர் அவளையே நான் என்று நினைத்துக்கொண்டு கையைப் பிடித்துக்கொள்வார்களாம். நேயர் சங்கத்தின் ஆண்டு விழா போட்டோ ஒன்றில் அவளுக்குக் கீழே என் பெயரைப் போட்டிருந்தார்கள். அவள் பதறிப்போய் என்னிடம் வந்து காட்டினாள். விடுடி, நல்லாத்தானே இருக்கு என்றேன். உண்மையிலேயே எனக்கு அது பிடித்திருந்தது. கவிதாவின் மூஞ்சியோடு என் குரல் ஊரில் உலாவட்டும் என்று இருந்தேன்.

இனிமேல் சொல்லப்போவதற்காகத்தான் இவ்வளவும்.

ஒரு மாசி மாதம். மொரப்பூர் பக்கத்துக் கிராமத்திலிருந்து ராஜம்மா என்று ஒருவர் போனில் வந்தார். தமிழில் தெலுங்கு வாடை அடித்தது. அந்தப் பக்கம் வீட்டில் தெலுங்கு பேசுகிற குடும்பங்கள் நிறைய. பாட்டு எதுவும் வேண்டாம் என்றார். மகள் பவித்ரா ப்ளஸ் டூ படிக்கிறாள். பொங்கலிலிருந்து ஸ்கூலுக்குப் போகவில்லை. வலது கையில் வெள்ளை வெள்ளையாக வந்திருக்கிறது. பக்கத்தில் உட்காருகிற பிள்ளைகள் தள்ளி உட்கார்ந்துவிட்டார்கள். பரீட்சை நெருங்குகிறது, செத்தாலும் போக மாட்டேன் என்கிறாள்.

"உங்க ப்ரோக்ராம்னா அவளுக்கு உசுருங்க. நீங்க ஒரு வார்த்த சொன்னீங்கன்னா கேட்டுக்குவா" என்றார்.

என் வலது கை ஃபேடர் மேல் இருந்தது. அந்த நேரத்துக்கு ஐந்து விரலும் மணிக்கட்டு வரை வெளுத்திருந்தன. அதிலிருந்து கண்ணை எடுக்க முடியவில்லை. ஆனால் பழக்கம் இருக்கிறதே, அது நம்மைக் கேட்காமல் பேசும். இது ஒட்டுகிற நோய் இல்லைங்க, யாரும் தள்ளி உட்கார வேண்டியதில்லை, தோல் டாக்டரிடம் காட்டுங்கள் என்றேன். இதுவரை சரி. பிறகு சுமையை இறக்கி வைக்க வேண்டுமே. எல்லாம் சரியாயிடும் பவித்ரா, கவலைப்படாம ஸ்கூலுக்குப் போ என்று சொல்லிப் பாட்டைப் போட்டேன். நடேசன் சார் நேரிலேயே வந்து கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நின்று தலையை ஆட்டிவிட்டுப் போனார். அவர் பாராட்டுவது அபூர்வம்.

மறுநாள் நான் பஸ் இறங்கி வேலைக்கு வந்தபோது, வரவேற்பறை பெஞ்சில் ஓர் அம்மாள் மஞ்சப்பையோடு உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் ஒரு ஸ்கூல் பை. என்னைப் பார்த்ததும் எழுந்து, "ஏனுங்க, சுமதியம்மா வந்துட்டாங்களா?" என்றார். நான் யோசிக்காமல், நான்தாங்க, சொல்லுங்க என்றுவிட்டேன்.

குரலைக் கேட்டதும் அவர் முகம் மலர்ந்தது. அதற்குப் பிறகுதான் என் வாயைப் பார்த்தார். பிறகு கையை. அந்த மலர்ந்த முகம் அப்படியே விழுந்ததை நான் பக்கத்தில் நின்று பார்த்தேன். நிச்சயதார்த்தத்தில் தாண்டிப் போனவர்கள் மேலாவது கோபப்படலாம். இந்த அம்மாள் மேல் எப்படிக் கோபப்படுவது?

"உங்களுக்குமாங்க? எத்தன வருசமா?" என்று ரகசியமாகக் கேட்டார். நான் பதில் சொல்வதற்குள் அவரே வாசல் பக்கம் பார்த்துவிட்டுப் பதறினார். "பாப்பா தண்ணி குடிக்கப் போயிருக்கா. நீங்கதான்னு சொல்லிராதீங்க. போயிரும், ரேடியோம்மாவே சொல்லிட்டாங்கன்னு சொல்லித்தான் கூட்டியாந்தேன். ஸ்கூலுக்குப் போறேன்னு இன்னிக்குத்தான் பையத் தூக்குனா."

பவித்ரா வந்தாள். ஒல்லியான பெண். ஷாலை வலது கையில் சுற்றியிருந்தாள். ராஜம்மா தெலுங்கில், இவங்க இல்ல, இங்க வேல செய்யற வேற ஆளு, அந்தம்மா இன்னிக்கு லீவாம் என்று சொன்னார். எனக்கு அந்த அளவு தெலுங்கு தெரியும். நான் தலையை ஆட்டினேன். வாயைத் திறக்கவில்லை. வாயைத் திறந்து பிழைத்தவள், ஒரு பெண்பிள்ளைக்கு முன்னால் ஊமை மாதிரி நின்றேன். அவள் என் கையைப் பார்த்தாள், பிறகு உதட்டைப் பார்த்தாள். பார்த்துவிட்டு ஷாலை இன்னும் இறுக்கிச் சுற்றிக்கொண்டாள். நானும் என் கையை முந்தானைக்குள் விட்டுக்கொண்டேன்.

ராஜம்மா அவளைக் கிளப்பப் பார்த்தார். அவள் நகரவில்லை. அவங்க லீவானாலும் ப்ரோக்ராம் நடக்குமில்ல, கேட்டுட்டுத்தான் போவேன் என்றாள்.

எனக்கு நேரம் ஆகிவிட்டது. உள்ளே ஓடினேன். எங்கள் வரவேற்பறையில் ஒரு ஸ்பீக்கர் உண்டு. ஒலிபரப்பில் போவது எல்லாம் அதில் கேட்கும். நான் வாயைத் திறந்தால் அந்தப் பெண்ணுக்குத் தெரிந்துவிடும். எனக்கு முந்தைய ஷிப்ட் பார்த்த தம்பியிடம், இன்னும் கொஞ்ச நேரம் நீ பாரேன் என்று கெஞ்சினேன். அவன் பஸ்ஸுக்கு நேரமாச்சுக்கா என்று ஹெட்போனைக் கழற்றிக் கையில் கொடுத்துவிட்டான். பாட்டு முடிந்துகொண்டிருந்தது. ஒரு மூச்சு விட்டேன். இரண்டாவது மூச்சும் விட்டேன். சிவப்பு விளக்கு மின்னியது. வேறு வழியில்லாமல் ஃபேடரை ஏற்றி, வணக்கம் நேயர்களே, உங்களோடு சுமதி என்றேன்.

அடுத்து இருந்ததில் நீளமான பாட்டாகப் பார்த்துப் போட்டுவிட்டு வெளியே வந்தேன். ஏன் வந்தேன் என்று தெரியவில்லை. உட்கார முடியவில்லை, வந்தேன். பவித்ரா ஸ்பீக்கருக்குக் கீழே நின்றுகொண்டிருந்தாள். அழவில்லை. அழுதிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

"சரியாயிடும்னு நேத்து சொன்னீங்களே. உங்களுக்கு ஏங்க ஆகல?" என்று கேட்டாள்.

நாக்கு நுனியில் எத்தனையோ வார்த்தைகள் வந்தன. எல்லாம் ரேடியோ வார்த்தைகள். அவற்றைத் தள்ளிவிட்டுப் பார்த்தால் என்னிடம் இருந்தது கொஞ்சம்தான்.

"எனக்கு ஆகல கண்ணு. உனக்கு ஆகுமான்னு எனக்குத் தெரியாது" என்றேன்.

ராஜம்மாவுக்குக் கோபம் வந்துவிட்டது. நியாயமான கோபம். ரேடியோவுல ஒரு பேச்சு, நேர்ல ஒரு பேச்சா, பெத்தவ நான் கெஞ்சிக் கேட்டும் இப்படிச் சொல்லிட்டீங்களே, ஸ்கூலுக்குக் கிளம்புன புள்ளைய இப்ப நான் என்ன பண்ணுவேன் என்று கேட்டுக்கொண்டே மகளின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனார். மஞ்சப்பையைப் பெஞ்சிலேயே விட்டுவிட்டார். அதற்குள் புளி இருந்தது. எனக்காகக் கொட்டை எடுத்துக் கொண்டுவந்திருந்தார்.

அப்போதுதான் ஸ்பீக்கரில் சத்தம் இல்லாததைக் கவனித்தேன். பாட்டு முடிந்துவிட்டிருந்தது. மாவட்டம் முழுக்க ரேடியோ சும்மா கிடந்தது. நான் ஓடுவதற்குள் நடேசன் சாரே உள்ளே போய் ஒரு வீணை இசையைப் போட்டுவிட்டார்.

ஷிப்ட் முடிந்ததும் கூப்பிட்டார். மௌனத்துக்குத் திட்டுவார் என்று போனேன். அதைப் பற்றிப் பேசவே இல்லை. நடந்ததெல்லாம் வாட்ச்மேன் சொல்லியிருந்தார். "உண்மையச் சொல்ல டாக்டர் இருக்காருங்க. நம்மகிட்ட வர்றவங்க ஆறுதலுக்கு வர்றாங்க" என்றார். கொஞ்சம் யோசித்துவிட்டு, உங்களுக்குச் சங்கடம் வேண்டாம், அந்த ஸ்பீக்கரை எடுத்துடச் சொல்றேன் என்றார். மறுநாள் சுவரில் ஆணி மட்டும் இருந்தது. முதலில் பூ படம், இப்போது ஸ்பீக்கர். இரண்டு தடவையும் நல்ல மனிதர்கள் எனக்காகச் செய்தது. இந்தத் தடவையும் தேங்க்ஸ் சார் என்றுதான் சொன்னேன். எனக்கே என்மேல் அருவருப்பாக இருந்தது.

அந்தப் பெண் என்ன ஆனாள் என்று தெரியவில்லை. ராஜம்மாவின் நம்பர் கவிதாவிடம் இருந்தது. போன் செய்யலாமா என்று தினமும் நினைப்பேன். செய்து என்ன சொல்வது? பரீட்சைக்குப் போகவில்லை என்று சொன்னால் அதற்கு நான் என்ன பதில் வைத்திருக்கிறேன்? நிகழ்ச்சியில் யாராவது கஷ்டத்தைச் சொன்னால் எல்லாம் சரியாயிடும் என்பது வாயில் வராமல் தடுமாறினேன். சார் இரண்டு தடவை, இருக்கீங்களா என்று கேட்டார்.

பரீட்சைக்கு ஒரு வாரம் இருக்கும். நிகழ்ச்சி நடந்துகொண்டிருக்கிறது. கவிதா கண்ணாடி வழியாக என்னைப் பார்த்த விதத்திலேயே தெரிந்துவிட்டது. மொரப்பூர்லருந்து பவித்ரா என்று ஹெட்போனில் சொன்னாள். வேண்டாம்னா கட் பண்ணிடட்டுமாக்கா என்றும் கேட்டாள். கொடு என்றேன்.

வணக்கம் சொன்னாள். வணக்கம் சொன்னேன். ஸ்கூலுக்குப் போகலயாம்மா என்று கேட்டேன். இப்போ படிக்க லீவு விட்டிருக்காங்க, நேத்து ஹால் டிக்கெட் வாங்கப் போனேங்க என்றாள். எனக்கு உயிர் வந்தது. என்ன பாட்டு வேணும் என்றேன். பாட்டு அப்புறம், ஒண்ணு கேக்கணும் என்றாள்.

"உங்களுக்கு மொதல்ல எங்க வந்துச்சுங்க?"

ஒலிபரப்பில் கேட்கிறாள். மாவட்டமே கேட்டுக்கொண்டிருக்கிறது. மாமியார் வீட்டில் கேட்பார்கள், நாத்தனார் வீட்டில் கேட்பார்கள், சாமையும் மாங்காயும் கொடுத்துவிட்டுப் போனவர்கள் கேட்பார்கள். ஃபேடரை இறக்கினால் போதும், லைன் துண்டித்துவிட்டது என்று சொல்லிப் பாட்டுக்குப் போய்விடலாம். யாருக்கும் சந்தேகம் வராது. விரல் அதன் மேல்தான் இருந்தது.

"ஒதட்டுல" என்றேன். ரேடியோவில் வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து நான் "உதடு" என்றுதான் சொல்லி வந்தேன். அன்றைக்கு வீட்டு வார்த்தை வந்துவிட்டது.

"என்ன வயசுலங்க?"

இருபத்தேழு என்றேன். அப்போது டிவியில் இருந்தேன் என்றும் சொன்னேன்.

"டிவிய நீங்களா விட்டீங்களா, விட வெச்சாங்களா?"

"விட வெச்சாங்க. நானும் விட்டுட்டேன்."

போன் விளக்கு சிவப்பாக மின்னிக்கொண்டே இருந்தது. நான் எடுக்கவில்லை. அந்தப் பக்கம் அவள் யோசிக்கிறாள். மூச்சுக்கு மேல் மூச்சாக மௌனம் போகிறது. நான் நிரப்பவில்லை.

"எனக்குக் கையில மட்டுந்தாங்க. எழுதற கை" என்றாள்.

"எழுத வருதா?"

"வருதுங்க" என்றாள். பிறகு, வேறு யாரையோ பற்றிப் பேசிக்கொண்டிருந்தவள் மாதிரி, "சரிங்க, பாட்டு போடுங்க" என்றாள். அவள் கேட்ட பாட்டைப் போட்டேன். இறக்கி வைக்கிற வார்த்தை எதுவும் சொல்லவில்லை. அவளும் எதிர்பார்க்கவில்லை.

அவள் எல்லாப் பரீட்சையும் எழுதினாள், பாஸும் செய்தாள். ராஜம்மா பிறகு போன் செய்து கவிதாவிடம் சொல்லியிருக்கிறார். என்னோடு பேசக் கேட்கவில்லை. நடேசன் சாரும் அந்த மௌனத்தைப் பற்றிக் கடைசிவரை எதுவும் கேட்கவில்லை. ஆனால் அன்றைக்கு நான் பெரிய தைரியசாலி என்று இதைப் படிக்கிற புதுப் பிள்ளைகள் நினைத்துக்கொள்ளக் கூடாது. கவிதா அப்படித்தான் இத்தனை வருஷமாகச் சொல்லிக்கொண்டு திரிகிறாள். அதனால் அன்று சாயங்காலம் நடந்ததையும் எழுதிவிடுகிறேன். இது அவளுக்கே தெரியாது.

ஷிப்ட் முடிந்து ஊருக்கு பஸ் ஏறினேன். நல்ல கூட்டம். ஜன்னல் ஓரத்தில் இடம் கிடைத்தது. பக்கத்தில் என் வயதுப் பெண் ஒருத்தி, மடியில் பூக்கூடை. கண்டக்டர் வந்தார். பாப்பிரெட்டிப்பட்டி ஒண்ணு கொடுங்க என்றேன். பூக்காரி சட்டென்று திரும்பினாள்.

"ஏனுங்க, ரேடியோவுல பேசற சுமதியம்மா நீங்கதானே? காத்தால அந்தப் புள்ளகிட்டப் பேசுனீங்களே, பூ கட்டறத நிறுத்திட்டுக் கேட்டேங்க" என்றாள். அவள் கண்ணில் தண்ணீர்கூட இருந்தது. முன் சீட்டுக்காரர்கள் இரண்டு பேர் திரும்பிப் பார்த்தார்கள். காலையில் மாவட்டம் முழுக்கச் சொல்லியாகிவிட்டது. இனி மறைப்பதற்கு என்ன இருக்கிறது? ஆமாங்க என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால், அவள் கையைப் பிடித்துக்கொண்டிருப்பாள், அவ்வளவுதான்.

நான் முந்தானையை வாய்வரைக்கும் இழுத்துக்கொண்டேன். கையை உள்ளே விட்டுக்கொண்டேன்.

"இல்லைங்க. நான் அவங்க இல்ல" என்றேன்.

அவள் கொஞ்ச நேரம் என்னையே பார்த்தாள். பிறகு, "அதானே பாத்தேன், அவங்க கொரலு இன்னும் கணீர்னு இருக்கும்" என்று சொல்லிவிட்டுப் பூக்கூடையைச் சரிசெய்துகொண்டு அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.